பரவைக்கடலின் பயண ஏடுகள்: வேலணைத் தீவகத்தைக் கடந்தவர்கள் எழுதியவை

யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு என்று ஒன்றும் இல்லை. மாரிகாலத்தில் மட்டும் வெள்ளத்தைக் கொண்டோடிக் கடலிற் சேர்க்கும் வழுக்கையாறு ஒன்றே அந்தப் பெயருக்கு உரியது. ஆகவே, ஒரு நாட்டின் உள்ளே புகுவதற்கும் அதன் விளைபொருளை வெளியே கொண்டுசெல்வதற்கும் பிற இடங்களில் ஆறுகள் செய்த வேலையை, குடாநாட்டுக்கும் அதன் மேற்கே கிடக்கும் தீவுகளுக்கும் இடையிலான பரவைக்கடலே செய்து வந்தது. பரவைக்கடல் என்பது அலை அடங்கிய, பல இடங்களில் ஆள் இறங்கி நடக்கக்கூடிய அளவுக்கே ஆழமுள்ள உப்புநீர்ப் பரப்பு. அதன் நடுவே ஓடும் ஒருசில ஆழமான கால்களில் மட்டுமே பாரமேற்றிய மரக்கலம் தரை தட்டாமல் செல்ல முடியும். இந்தக் கால்களின் வாயிலில் அமைந்திருப்பது வேலணைத் தீவு. ஊர்காவற்றுறை, கரம்பொன், நாரந்தனை, புளியங்கூடல், சுருவில், சரவணை, வேலணை, மண்கும்பான், அல்லைப்பிட்டி ஆகிய ஊர்களைக் கொண்ட இத்தீவின் வடமேற்கு முனைக்கும் காரைதீவுக்கும் இடையிலுள்ள நீரிணையைக் காத்தவர் எவரோ, அவரே மேற்குக் கடலிலிருந்து யாழ்ப்பாணத்துக்குச் செல்லும் வழியைக் காத்தவர் ஆவார்.

ஆறுகளே அந்த வேலையைச் செய்த அமெரிக்காவின் உள்நாட்டைப் பற்றி ஐரோப்பியர் எழுதிய முதல் நூல்கள் பெரும்பாலும் ஆற்றுப்பயண நூல்களே. 1673 மே மாதத்தில் யாக் மார்க்கெட் என்னும் இயேசு சபைக் குருவும் லூயி ஜோலியே என்னும் வணிகரும் ஐந்து துணைவரோடு இரண்டு மரப்பட்டைத் தோணிகளில் புறப்பட்டு, ஒரு மாதத்தில் மிசிசிப்பி ஆற்றை அடைந்தனர். இரு ஆறுகளுக்கு இடையே தோணிகளைத் தூக்கிச் செல்லவேண்டியிருந்த தரைவழியை அவர்களுக்குக் காட்டியவர்கள் மயாமி இனத்தைச் சேர்ந்த இரண்டு வழிகாட்டிகள். பயணக்குறிப்பில் அவர்களுடைய பெயர்கள் இடம்பெறவில்லை. அப்பயணத்துக்கு முந்திய ஆண்டான 1672-இல்தான் யாழ்ப்பாணத்தையும் அதன் தீவுகளையும் விரிவாக விவரித்த முதல் ஐரோப்பிய நூல்களுள் ஒன்று ஆம்ஸ்டர்டாமில் அச்சாகி வெளிவந்தது. ஓர் அரசின் கை இன்னும் முழுமையாக எட்டாத எல்லைப்புறத்தை நீர்வழியாகக் கடந்து, கண்டதை எழுதிவைத்தல் என்ற செயல் ஒரே காலத்தில் இரு கண்டங்களில் நிகழ்ந்திருக்கிறது. ஆயினும் வேலணைக் கடலின் எழுத்துச் சான்றுகள் அதற்கும் ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு முன்னரே தொடங்கிவிட்டன என்பதும், அவை ஐரோப்பியருடையவை மட்டும் அல்ல என்பதும் இந்த ஒப்பீட்டிலேயே முதலில் மனங்கொள்ள வேண்டியவை.

இச்சான்றுகளை ஒருசேர வைத்துப் படிக்கும்போது ஓர் உண்மை திரும்பத் திரும்பப் புலப்படுகிறது. பயணம் இடையூறின்றி முடிந்த இடங்களில், கடலைப் பற்றியோ கலத்தைச் செலுத்தியவரைப் பற்றியோ ஏடுகள் ஏறக்குறைய ஒன்றும் சொல்வதில்லை. கரையேறிய பின் கண்ட அரசர்கள், கோயில்கள், குதிரைகள், வரிகள் என்பவையே பக்கங்களை நிரப்புகின்றன. காற்று மாறியபோது, கலம் தரை தட்டியபோது, குடிநீர் தீர்ந்தபோது மட்டுமே நீரின் ஆழமும் பருவத்தின் போக்கும் அவற்றை அறிந்திருந்த மக்களின் இருப்பும் எழுத்துக்கு வருகின்றன. ஆகவே தீவகத்தின் கடல் வரலாற்றை எழுத முனைபவர் வெற்றிகரமான பயணங்களைவிடத் தடைப்பட்ட பயணங்களையே கூர்ந்து படிக்க வேண்டும்.

கிரேக்க நிலநூலார் தொலமி கி.பி. 2ஆம் நூற்றாண்டில் இலங்கையைச் சூழ 1378 தீவுகள் இருப்பதாக எழுதி, அவற்றுள் சிலவற்றின் பெயர்களைத் தந்தபோது நாகதீப என்ற ஒலிக்கு நெருங்கிய பெயரொன்றையும் சேர்த்தார். அவர் நேரில் வந்தவர் அல்லர். மாலுமிகள் வாய்மொழியாகச் சொன்னவற்றைத் தொகுத்தவர். நாகதீபம் என்ற பெயர் இன்று நயினாதீவையே நினைவூட்டினாலும், 1936-இல் வல்லிபுரத்தில் கிடைத்த, கி.பி. 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கொள்ளப்படும் பொற்சாசனம் நாகதீவை ஓர் அதிகாரியின் ஆட்சிக்கு உட்பட்ட நாடாகவே குறிப்பதால், அக்காலத்தில் அப்பெயர் குடாநாட்டை உள்ளடக்கிய ஒரு பெரும் பகுதியைச் சுட்டியது என்று கொள்வதே பொருத்தமானது. பாலி மொழியிலமைந்த மகாவம்சம், மணியாசனம் ஒன்றுக்காகப் போரிட்ட இரு நாக அரசர்களைப் புத்தர் சமாதானப்படுத்திய இடமாக நாகதீபத்தைக் கூறுகிறது; தமிழ்க் காப்பியமாகிய மணிமேகலையும் அதை ஒத்த கதையை மணிபல்லவம் என்னும் தீவில் நிகழ்ந்ததாகக் கூறுகிறது. முதலியார் செ. இராசநாயகம் 1926-இல் வெளியிட்ட பண்டைய யாழ்ப்பாணம் பற்றிய ஆங்கில நூல் உட்படப் பல ஆய்வுகள் மணிபல்லவத்தை இத்தீவுகளோடு இணைத்துள்ளன. இதை மறுப்போரும் உண்டு.

இடத்தை உறுதிசெய்வதைவிட, அக்காப்பியம் கடற்பயணத்தை எப்படிக் காட்டுகிறது என்பதே இங்கே முதன்மையானது. அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபியைக் கையில் ஏந்திய ஆபுத்திரன், பசியால் வாடும் சாவக நாட்டு மக்களுக்கு உதவக் கப்பலேறுகிறான். கடல் கொந்தளிக்கவே, கப்பல் மணிபல்லவத்தின் கரையில் ஒருநாள் தங்குகிறது. கரையில் இறங்கிய அவன் கலத்திலேயே இருக்கிறான் என்று எண்ணிய கப்பலோர், இரவில் காற்று வாய்த்ததும் பாய் விரித்துச் சென்றுவிடுகின்றனர். ஆளில்லாத தீவில் எவருக்கும் உணவளிக்க முடியாத பாத்திரத்தைப் பொய்கையில் இட்டுவிட்டு அவன் உண்ணாதிருந்து உயிர்விடுகிறான். அறநெறியைக் கூற எழுந்த இக்கதையின் உள்ளே, கடலோடிகளின் நடைமுறை ஒன்று பிசகாமல் பதிந்திருக்கிறது: காற்றுக்காக ஒதுங்கும் தங்குதுறையாகத் தீவு பயன்படுகிறது, காற்று வந்த நேரமே புறப்படும் நேரம், அது நள்ளிரவானாலும் எவருக்காகவும் காத்திருப்பதில்லை. பாய்மரக் கலங்களின் காலம் முழுவதும் இதுவே தீவுகளின் முதற்பயனாக இருந்தது.

இதற்குச் சில நூற்றாண்டுகள் பின்னர், கற்பனைக்கு இடமில்லாத ஒரு சான்று கிடைக்கிறது. நயினாதீவு நாகபூசணி அம்மன் கோயிலில் உள்ள தமிழ்க் கல்வெட்டு, பொலன்னறுவையிலிருந்து 1153 முதல் 1186 வரை ஆட்சிசெய்த முதலாம் பராக்கிரமபாகுவின் ஆணையைத் தாங்கியது. பேராசிரியர் கா. இந்திரபாலா 1963-இல் இதைப் படித்து வெளியிட்டார். சிங்கள மன்னன் ஒருவனின் கட்டளை தமிழில் பொறிக்கப்பட்டிருப்பது இத்துறையில் வந்து போனவர்களும் இங்கு ஆட்சிப் பொறுப்பில் இருந்தவர்களும் எந்த மொழியில் அலுவல் பார்த்தனர் என்பதற்குப் போதிய விடை. வெளிநாட்டு வணிகர் ஊராத்துறைக்கு, அதாவது இன்றைய ஊர்காவற்றுறைக்கு, வந்து சேரவேண்டும் என்றும், அவர்களுக்குப் பாதுகாப்பு அளிக்கப்படவேண்டும் என்றும் கல்வெட்டு கூறுகிறது. அதன்பின், உடைந்த கலங்களைப் பற்றிய விதி வருகிறது. மன்னனுக்கு யானைகளையும் குதிரைகளையும் கொண்டுவரும் மரக்கலம் கெட்டுப்போனால் நாலில் ஒரு பங்கைப் பண்டாரத்துக்கு, அதாவது அரச கருவூலத்துக்கு, எடுத்துக்கொண்டு மூன்று பங்கை உடையவனிடமே விட்டுவிட வேண்டும். வாணிகப் பொருள் கொண்டுவரும் கலமாயின் சரிபாதி பண்டாரத்துக்கும் சரிபாதி உடையவனுக்கும் உரியவை.

இவ்விதி பல செய்திகளை உள்ளடக்கியது. கலம் உடைவது அரிய விபத்தாக இருந்திருந்தால், பங்குக் கணக்கை இவ்வளவு துல்லியமாகக் கல்லில் வெட்டிவைக்கத் தேவை எழுந்திராது. கரையொதுங்கிய பொருள் முழுவதும் அரசனுக்கே அல்லது கரைக்காரருக்கே உரியது என்ற வழக்கம் பல கடற்கரைகளில் நிலவிய காலத்தில், வணிகனுக்கு உறுதியான பங்கை வழங்கியமை, அச்சம் தரும் கடலில் வணிகரைத் தொடர்ந்து வரச்செய்வதற்கான அரசியல் முயற்சி. போருக்குத் தேவையான விலங்குகளுக்குக் கூடுதல் சலுகை தரப்பட்டிருப்பது, அக்கப்பல்கள் வராதுபோனால் அரசு எதை இழக்கும் என்பதையும் காட்டுகிறது. இவற்றினும் மேலாக, உடைந்த கலத்திலிருந்து பொருளையும் விலங்கையும் மீட்டெடுத்துக் கரைசேர்த்தவர்கள் யார் என்ற வினா எழுகிறது. கல்வெட்டு அவர்களைக் குறிப்பிடவில்லை. ஆனால் சேற்றிலும் பாறையிலும் தட்டி நிற்கும் கலத்தை அணுகும் வழி தெரிந்த தோணிக்காரர் அருகில் வாழாதிருந்தால், பங்கிடுவதற்குப் பண்டமே மிஞ்சியிராது.

இவ்விதி வெறும் ஏட்டுச் சட்டம் அல்ல என்பதற்கு மண்ணும் சான்றளித்துள்ளது. வேலணைத் தீவின் கிழக்கு முனையிலுள்ள அல்லைப்பிட்டியில் 1970களின் இறுதியில் கிடைத்த சீன மட்பாண்டங்களை ஜான் கார்ஸ்வெல் என்னும் தொல்லியலாளர் ஆராய்ந்து, அவை சொங் வமிசக் காலத்தவை, 11ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியையும் 12ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தையும் சார்ந்தவை எனக் கணித்தார். 2018-இல் ஷாங்காய் அருங்காட்சியகத்தினர் இலங்கையின் மத்திய கலாசார நிதியத்தோடு இணைந்து அங்கே மீண்டும் அகழாய்வு நடத்தினர். இன்று பனைகளும் மணற்றிட்டுகளும் சூழ்ந்த சிற்றூராகத் தோன்றும் அல்லைப்பிட்டி, பராக்கிரமபாகுவின் ஆணைக்கு முந்திய தலைமுறைகளிலேயே தென்சீனத் துறைமுகங்களோடு தொடர்புற்றிருந்தது. அதே 12ஆம் நூற்றாண்டில் திருவாலங்காட்டுச் சோழர் கல்வெட்டு ஒன்று, பராக்கிரமபாகு சோழ நாட்டின்மீது படையெடுக்கக் கலங்கள் செய்வித்த துறைகளில் ஒன்றாக ஊராத்துறையைக் குறிப்பிடுகிறது. வணிகருக்குப் பாதுகாப்பான துறை, எதிரிக்குக் கலம் கட்டும் துறை என இரு முகங்களும் ஒரே இடத்துக்கு இருந்தன. எல்லைப்புறத் துறை ஒன்றின் இயல்பு இதுவே.

மொரோக்கோ நாட்டுப் பயணியாகிய இப்னு பதூதா 1344-இல் மாலைதீவிலிருந்து மாபர் என்று அரேபியர் அழைத்த சோழமண்டலக் கரைக்குச் செல்லப் புறப்பட்டு, காற்றின் போக்கால் இலங்கையின் மேற்குக் கரையில் ஒதுங்கினார். அக்கரை யாழ்ப்பாண மன்னனாகிய ஆரியச் சக்கரவர்த்திக்கு உரியது, அவன் கடற்கொள்ளை நடத்துபவன், அங்கே இறங்குவது பாதுகாப்பன்று என்று கப்பலோர் அஞ்சினர். ஆயினும் இறங்கிச் சென்ற பயணியை அம்மன்னன் மதிப்போடு வரவேற்றான். மன்னனுக்குப் பாரசீக மொழி விளங்கியது. முத்துகளைக் காட்டி உரையாடினான். சிவனொளிபாத மலைக்குச் செல்ல ஆள்களையும் பல்லக்கையும் கொடுத்தனுப்பினான். இப்பகுதியை வரலாற்றாசிரியர்கள் அடிக்கடி எடுத்தாள்வர். ஆனால் அதைத் தொடர்ந்து வரும் பகுதி கவனிக்கப்படுவது குறைவு. இலங்கையிலிருந்து மாபருக்குப் புறப்பட்ட அவருடைய கலம் பலத்த காற்றில் சிக்கியது. தலைவனுக்கு அக்கடலில் பழக்கம் போதவில்லை. பாறைகளை மயிரிழையில் தப்பிய கலம் ஆழமற்ற நீரில் தரை தட்டியது. பாய்மரத்தை வெட்டி வீழ்த்தினர். உடனிருந்தவர்களைத் தெப்பத்தில் அனுப்பிவிட்டு இப்னு பதூதா இரவு முழுவதும் உடைந்த கலத்திலேயே தங்கினார். காலையில் கரையோர மக்கள் தோணியில் வந்து அவரை மீட்டனர். பாக்கு நீரிணையின் ஆழமின்மையை இதைவிடத் தெளிவாகச் சொன்ன பழைய குறிப்பு ஒன்றைக் காண்பது கடினம். மன்னனின் விருந்தைவிட, அந்தக் காலைநேரத் தோணிகளே இக்கட்டுரையின் பொருளுக்கு நெருக்கமானவை. உலகின் பெரும்பகுதியைச் சுற்றிவந்த ஒருவரின் உயிர், அந்த நீரின் ஆழத்தை அறிந்த கரைவாசிகளால் காக்கப்பட்டது.

போர்த்துக்கேயர் 1619-இல் யாழ்ப்பாண அரசை முடிவுக்குக் கொண்டுவந்த பின்னர், ஊர்காவற்றுறைக்கும் காரைதீவுக்கும் இடைப்பட்ட நீரின் நடுவே கடற்கோட்டை ஒன்றைக் கட்டினர். நாற்புறமும் நீர் சூழ்ந்த அக்கோட்டை, யாழ்ப்பாணத்துக்குச் செல்லும் கால்வழியின் கதவாக நின்றது. 1658-இல் ஒல்லாந்தர் மன்னாரைக் கைப்பற்றி, தரைவழியாக வந்து யாழ்ப்பாணக் கோட்டையை முற்றுகையிட்டபோது இக்கடற்கோட்டையும் வீழ்ந்தது. கோட்டையின் சுவரைத் தகர்த்ததனால் அன்று, உள்ளே இருந்தவர்களுக்குக் குடிநீர் அற்றுப்போனதனாலேயே அது சரணடைந்தது. சுற்றிலும் நீர், குடிக்க நீர் இல்லை. தீவகத்தில் வாழ்ந்த ஒவ்வொரு குடும்பமும் கிணற்றைத் தோண்டும்போதே அறிந்திருந்த இந்த நிலையை, பேரரசுகளின் கோட்டைப் பொறியாளர்கள் தோல்வியின் வழியாகக் கற்றனர். ஒல்லாந்தர் அக்கோட்டைக்கு ஹம்மன்ஹீல் என்று பெயரிட்டுத் தமதாக்கினர்.

அப்படையெடுப்பில் ரைக்லோப் வான் கூன்ஸ் என்னும் தளபதியின் சேனையோடு சமய குருவாக வந்தவர் பிலிப்பஸ் பால்தேயஸ். 1632-இல் டெல்ப்ட் நகரில் பிறந்த இவர் 1665 வரை இலங்கையில் இருந்து, யாழ்ப்பாணத்தின் சீர்திருத்தச் சபைப் பணியை அமைத்தார். மலபார், சோழமண்டலம், இலங்கை ஆகியவற்றை விவரித்து இவர் எழுதிய பெருநூல்தான் 1672-இல் வெளிவந்தது. 1703-இல் ஆங்கிலத்திலும் வந்தது. தமிழ் எழுத்துகளின் வடிவங்களைச் செப்புத்தகட்டில் செதுக்கி ஐரோப்பிய வாசகருக்குக் காட்டிய தொடக்ககால நூல்களுள் இதுவும் ஒன்று. கோயில்களின் படங்களும் குடாநாட்டின் வரைபடமும் இதில் உள்ளன. இந்நூலை முழுவதும் நம்பிவிடவும் கூடாது: இந்துத் தெய்வங்களைப் பற்றிய பகுதிக்கு இவர் ஜாக்கோமோ பெனிசியோ என்னும் இயேசு சபைக் குருவின் கையெழுத்துப் படியைப் பெரிதும் பயன்படுத்தினார் என்பது 20ஆம் நூற்றாண்டில் தெளிவாயிற்று. யாழ்ப்பாணத்தைப் பற்றிய பகுதியோ அவர் நேரில் வாழ்ந்து கண்டதிலிருந்து எழுந்தது. அதன் மதிப்பு வேறு.

பால்தேயஸ் தீவுகளை எண்ணி, அவற்றின் பள்ளிகளையும் கோயில்களையும் பதிவுசெய்கிறார். ஒல்லாந்தர் ஆட்சியில் இத்தீவுகளுக்குத் தம் நாட்டு நகரங்களின் பெயர்கள் சூட்டப்பட்டன: வேலணைத் தீவு லெய்டன், காரைதீவு ஆம்ஸ்டர்டாம், புங்குடுதீவு மிடில்பர்க், நயினாதீவு ஹார்லம், அனலைதீவு ரோட்டர்டாம், எழுவைதீவு ஹூர்ன் ஆயின. போர்த்துக்கேயர் பசுத்தீவு என்று அழைத்த நெடுந்தீவுக்கு, பால்தேயஸ் பிறந்த நகரமான டெல்ப்டின் பெயரே வாய்த்தது. அமெரிக்க எல்லைப்புறத்திலும் ஆற்றுப்பயணிகள் இதையே செய்தனர். 1804 முதல் 1806 வரை மிசூரி ஆற்றின்வழிப் பயணம் செய்த லூயிஸ், கிளார்க் ஆகியோர் தாம் கண்ட கிளையாறுகளுக்குத் தம் அரசியல் தலைவர்களின் பெயர்களை இட்டனர். வேறுபாடு யாதெனில், தீவகத்தில் குடிகள் அகற்றப்படவில்லை. கச்சேரி ஏட்டில் லெய்டன் என்று எழுதப்பட்ட ஊரில், தோணியில் ஏறியவர் வேலணைக்கே சென்றார். அரச ஏட்டின் பெயரும் ஊர்வாயின் பெயரும் இரண்டு நூற்றாண்டுகள் அருகருகே வாழ்ந்தன. டெல்ப்ட் என்ற ஒன்றுதவிர ஏனைய ஒல்லாந்தப் பெயர்கள் இன்று வழக்கில் இல்லை.

ஆற்றின் வழியே எல்லைப்புறத்தைக் கடத்தல் என்ற சொல்லுக்கு இலங்கையில் முழுப்பொருத்தமான பயணம் ஒன்றும் உண்டு. அது தீவகத்துக்குத் தெற்கே, மன்னாரில் முடிந்தது. 1660-இல் கொட்டியாரக் குடாவில் பிடிபட்டுக் கண்டி அரசில் சிறையிருந்த ஆங்கிலேயராகிய ராபர்ட் நொக்ஸ், 1679 அக்டோபரில் ஸ்டீபன் ரட்லண்ட் என்னும் துணைவருடன் தப்பி, அனுராதபுரத்திலிருந்து அருவியாற்றங்கரையைப் பிடித்துக் காட்டினூடே நடந்து, அம்மாதம் 18ஆம் நாள் அரிப்பில் ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தார். சிங்களவர் மல்வத்து ஓயா என்று அழைக்கும் இந்த ஆறே வன்னிக் காட்டில் அவருக்கு வழியும் திசைகாட்டியும் ஆனது. ஆள் அரவம் கேட்டபோது மரப்பொந்தில் ஒளிந்ததையும், யானைகளுக்கு அஞ்சி இரவில் தீ வளர்த்ததையும், தமிழ் பேசும் நாட்டுக்குள் வந்துவிட்டதை உணர்ந்தபோதும் அச்சம் தீராததையும், மரநிழலில் சோறாக்கிக்கொண்டிருந்த பிராமணர் இருவரைக் கண்டு, அவர்களுள் ஒருவருக்குக் கூலி கொடுத்து வழிகாட்டச் செய்ததையும் அவர் எழுதுகிறார். 1681-இல் லண்டனில் அச்சான இந்நூலில், கண்டிய வாழ்க்கையை விவரிக்கும் பகுதிகள் புகழ்பெற்றவை. ஆனால் கண்டிக்கும் ஒல்லாந்தருக்கும் இடையே வன்னியர் ஆண்ட நிலம் எவ்வளவு தனித்து நின்றது என்பதை, ஆற்றங்கரையில் அவர் கொண்ட அச்சமே மிக நன்றாகக் காட்டுகிறது.

ஒல்லாந்தர் காலத்தின் பிற்பகுதியில் பயண ஏட்டின் இடத்தை அலுவல் ஏடு பிடித்துக்கொள்கிறது. யாழ்ப்பாணத் தளபதியாயிருந்து பின்னர் பத்தாவியாவில் தலைமை ஆளுநராக உயர்ந்த ஹென்ரிக் ஸ்வார்டெக்ரோன், 1697-இல் தம்மை அடுத்து வருவோருக்கு எழுதிவைத்த நினைவுக்குறிப்பு, சோபியா பீட்டர்ஸ் அம்மையாரின் ஆங்கில மொழிபெயர்ப்பில் 1911-இல் வெளிவந்தது. வன்னியில் பிடித்து ஆனையிறவைக் கடந்து கொண்டுவரப்பட்ட யானைகளின் விற்பனை, துணிக்குச் செஞ்சாயம் ஏற்றும் சாயவேர் தோண்டுதல், நெடுந்தீவிலும் இரணைதீவிலும் குதிரை வளர்த்தல் ஆகியவை அதில் இடம்பெறுகின்றன. பராக்கிரமபாகுவின் காலத்தில் யானையும் குதிரையும் இத்துறைக்கு வந்து இறங்கின. ஐந்து நூற்றாண்டுகளுக்குப் பின் யானை இங்கிருந்து ஏறிச்சென்றது, குதிரை இங்கேயே பிறந்தது. தப்பியோட முடியாதபடி கடலே வேலியாக நின்றதும், நல்ல புல் கிடைத்ததும் தீவுகள் இதற்குத் தெரிந்தெடுக்கப்பட்டமைக்குக் காரணங்கள். ஆங்கிலேயர் வந்தபின் 1803-இல் நூல் வெளியிட்ட ராபர்ட் பெர்சிவலும் அவ்வழி வந்தோரும் தீவுகளைப் பற்றிச் சொல்ல எடுத்துக்கொண்டது பெரும்பாலும் குதிரைகளையே. அக்குதிரைகளின் வழிவந்தவை இன்றும் நெடுந்தீவில் மேய்கின்றன. மக்கள் வாழ்ந்த ஊர்களைப் பற்றி அந்நூல்களில் கிடைப்பது மிகச் சொற்பம். இக்குறை எளிதில் மன்னிக்கத்தக்கதன்று.

அமெரிக்காவோடு இத்தீவகத்துக்கு நேரடியான தொடர்பு ஏற்பட்டது 1816-இல். 1815 அக்டோபரில் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் நியூபரிபோர்ட் துறையிலிருந்து புறப்பட்ட டானியல் பூர், பெஞ்சமின் மெய்க்ஸ், ஜேம்ஸ் ரிச்சர்ட்ஸ், எட்வர்ட் வாரன் முதலிய மிஷனரிமார் அடுத்த மார்ச்சில் கொழும்பை அடைந்து, அவ்வாண்டிலேயே தெல்லிப்பழையிலும் பின்னர் வட்டுக்கோட்டையிலும் நிலையங்களை நிறுவினர். வட்டுக்கோட்டை, காரைதீவை நோக்கிய பரவைக்கடலுக்கு அண்மையில் உள்ளது. அங்கிருந்து தீவுகளுக்குப் பணி விரிந்ததும் தோணிகளின் உதவியாலேயே. இவர்களை அனுப்பிய அதே பாஸ்டன் மிஷன் சபை, 1817-இல் டென்னசி ஆற்றின் கிளையொன்றின் கரையில், அமெரிக்கப் பழங்குடியினரான செரோக்கி மக்களிடையே பிரைனர்ட் என்ற நிலையத்தையும் தொடங்கியது. யாழ்ப்பாணத்திலிருந்து எழுதப்பட்ட மடல்களும் செரோக்கி நாட்டிலிருந்து எழுதப்பட்ட மடல்களும் மிஷனரி ஹெரால்ட் என்ற ஒரே மாத இதழில் அச்சாயின. நியூ இங்கிலாந்தின் ஒரு பண்ணை வீட்டில் இருந்த வாசகருக்கு வட்டுக்கோட்டையும் பிரைனர்டும் ஒரே வகையான தொலைவிடங்கள். 1838-இல் செரோக்கி மக்கள் தம் நிலத்திலிருந்து படைபலத்தால் வெளியேற்றப்பட்டபோது பிரைனர்ட் மூடப்பட்டது. யாழ்ப்பாணத்திலோ 1823-இல் தொடங்கிய வட்டுக்கோட்டைச் செமினரியில் கற்ற தமிழ் இளைஞர், தம்மைப் பற்றி எழுதிய இதழைத் தாமே படிக்கும் நிலையை எய்தினர். எல்லைப்புறத்தைப் பற்றி எழுதும் உரிமை எழுதப்பட்டவரின் கைக்கு மாறுவதற்கு இங்கே வழி இருந்தது; அங்கே அது பறிக்கப்பட்டது.

அந்த மாற்றத்தின் முதல் அறிகுறிகளுள் ஒன்று, கற்பிட்டியில் 1807-இல் பிறந்த சைமன் காசிச்செட்டி 1834-இல் வெளியிட்ட இலங்கை இடவிளக்க அகராதி. அரிப்பு, மன்னார், தீவுகள், யாழ்ப்பாணம் என்று நீளும் இக்கடலின் தென்முனையில் வளர்ந்தவர் அவர். ஊர்ப்பெயர்களை ஊரார் சொல்வதிலிருந்தே தொடங்குவதும், விளைபொருளையும் துறையையும் சுருக்கமாகக் கூறுவதும் அவருடைய முறை. முந்திய பயணிகளின் வியப்பு அவரிடம் இல்லை; வியப்பு இல்லாததே அந்நூலின் பலம்.

வேலணையும் புங்குடுதீவும் காரைதீவும் பாலங்களாலும் கடல்வழிச் சாலைகளாலும் குடாநாட்டோடு இணைக்கப்பட்ட பின், பரவைக்கடலின் கால்களைப் பற்றிய அறிவு பயணிக்குத் தேவையற்றதாயிற்று. நயினாதீவுக்கும் நெடுந்தீவுக்கும் செல்வோர் மட்டும் குறிகாட்டுவானில் இன்னும் படகேறுகின்றனர். நெடுந்தீவுப் படகு கடக்கும் ஏழாற்றுப் பிரிவு என்னும் நீரோட்டங்கள் கூடும் பகுதி, வாடைக்காற்றிலும் சோளகக் காற்றிலும் வெவ்வேறு முகம் காட்டுவதைப் படகோட்டிகள் அறிவர். ஒல்லாந்தர் விட்டுச்சென்ற ஆவணங்கள் கொழும்புச் சுவடிக்கூடத்திலும் ஹேக் நகரிலும் உள்ளன. மிஷன் இதழ்களின் தொகுதிகள் நூலகங்களில் கிடைக்கின்றன. படகுத் தலைவர்களாகிய தண்டையல்மாரின் வாயிலுள்ள கால்களின் பெயர்கள், பாறைக் குறிகள், கரையில் திசை பார்க்கும் பனைகளும் கோபுரங்களும் எவை என்ற கணக்கு ஆகியவை இன்னும் முறையாகத் தொகுக்கப்படவில்லை. பால்தேயஸின் வரைபடத்தையும் இந்த வாய்மொழிக் கணக்கையும் ஒன்றின்மேல் ஒன்றாக வைத்துப் பார்க்கும் வேலைக்கு, பாய்விரித்து ஓடிய காலத்தை நினைவில் வைத்திருக்கும் முதிய கடலோடிகளிடம் சென்று கேட்பதே முதற்படி; அதை இந்தத் தலைமுறையிலேயே செய்தாக வேண்டும்.